கென்யாவின் சுகாதார நிலையத்துக்குக் குறுஞ்செய்திச் சேவை அமைப்பது எப்படி?

கென்யாவின் கிராமப்புறச் சுகாதார நிலையம் ஒன்றுக்கு, குழந்தைகளின் தடுப்பூசி நாளைத் தாய்மார்களுக்கு நினைவூட்டும் சேவையை அமைத்துத் தர முன்வரும் தொழில்நுட்ப வல்லுநர், புதிய செயலி எழுதும் ஆசையை முதலில் ஒதுக்கி வைக்க வேண்டும். நிலையத்தில் ஒரு முழு நாள் உட்கார்ந்து, வரும் தாய்மார்களிடம் எத்தகைய கைப்பேசி இருக்கிறது, அது அவர்களுடையதா, கணவருடையதா, பக்கத்து வீட்டில் இரவல் வாங்கியதா என்று கேட்டறிந்த பிறகே வேலையைத் தொடங்க வேண்டும். 2007-இல் தொடங்கிய எம்-பெசா பணப்பரிமாற்றச் சேவை அந்நாடெங்கும் வேரூன்றியது சாதாரணப் பொத்தான் கைப்பேசியை நம்பித்தான்.

பதிவுக்கு, நட்சத்திரக் குறியில் தொடங்கி ஹேஷ் குறியில் முடியும், அழைத்தால் திரையில் கேள்விகள் வரும் யூஎஸ்எஸ்டி எண் ஏற்றது. அதற்கு இணையம் தேவையில்லை. தென்னாப்பிரிக்காவில் 2014-இல் தொடங்கிய மாம்கனெக்ட் திட்டம் கர்ப்பிணிகளை இவ்வழியில் பதிவு செய்தது. பதில் தாமதமானால் இணைப்பு தானே அறுந்துவிடும் என்பதால், மூன்று நான்கு கேள்விகளோடு நிறுத்திக்கொள்ளுங்கள். கட்டணத்தைச் சேவை நடத்துபவரே ஏற்க வேண்டும். கைப்பேசியில் காசில்லாத தாய்க்குத்தான் இந்தச் சேவை எல்லாரையும்விட அதிகம் தேவை.

செய்தி எழுதுவதில்தான் மிகுந்த கவனம் வேண்டும். கென்யாவில் பரவலாகப் பேசப்படும் சுவாஹிலி மொழியில் நாளின் மணிக்கணக்கு விடியலிலிருந்து தொடங்குகிறது: காலை ஏழு மணி அவர்களுக்கு ‘சா மோஜா’, அதாவது முதல் மணி, காலை ஒன்பது ‘சா ததூ’, மூன்றாம் மணி. நிரல் கணினியின் நேரத்தை அப்படியே எடுத்து ‘சா 9’ என்று அனுப்பினால், தாய் அதைப் பிற்பகல் மூன்று மணி என்றே படிப்பார். கைக்குழந்தையைச் சுமந்து நெடுந்தூரம் நடந்து வந்து சேரும்போது தடுப்பூசி போடும் வேளை முடிந்திருக்கும். ஆகவே நேரத்தை எழுத்தால், காலையா மாலையா என்பதோடு சேர்த்து எழுதி, அவ்வூர்ச் செவிலியரிடம் படித்துக் காட்டிய பிறகே அனுப்ப வேண்டும். நீளமும் முக்கியம். ஆங்கில எழுத்துகளில் எழுதப்படும் சுவாஹிலியில் ஒரு குறுஞ்செய்திக்கு 160 எழுத்துகள் கிடைக்கும். இதே சேவையை எத்தியோப்பியாவில் அம்ஹாரிக் எழுத்தில் அமைத்தால் 70 மட்டுமே கிடைக்கும் என்பதால் செலவு இருமடங்குக்கு மேல் போகலாம்.

கைப்பேசியைக் குடும்பத்தார் பகிர்ந்துகொள்ளும் இடத்தில் நோயின் பெயரையோ மருந்தின் பெயரையோ செய்தியில் குறிப்பிடவே கூடாது, எச்.ஐ.வி. சிகிச்சை பெறும் ஒரு பெண்ணின் வாழ்க்கையையே ஒரு வரி குலைத்துவிடக்கூடும். கென்யாவின் 2019 தரவுப் பாதுகாப்புச் சட்டமும் உடல்நலத் தகவலை நுண்ணுணர்வுத் தரவாகவே, அதாவது கூடுதல் பாதுகாப்பு தேவைப்படும் தகவலாகவே வகைப்படுத்துகிறது. எதற்காக எண்ணைக் கேட்கிறோம் என்பதை அவரவர் மொழியில் விளக்கி ஒப்புதல் பெறுங்கள். விலக நினைப்பவர் ஒரே சொல்லை அனுப்பி விலக வழி வையுங்கள்.

ஊர் திரும்புமுன், செய்தியின் வாசகத்தையும் நாளையும் செவிலியர் தாமே மாற்றி அனுப்புவதை, நீங்கள் விசைப்பலகையைத் தொடாமல், அருகில் நின்று இரண்டு மூன்று முறை பாருங்கள்.