விதைநெல்லில் கலப்பு வராமல் காப்பது எப்படி?

திருத்துறைப்பூண்டி பக்கம் ஆதிரெங்கத்தில் நெல் ஜெயராமன் நடத்திவந்த நெல் திருவிழாவில் 2 கிலோ பாரம்பரிய விதை வாங்கியவர், மறு ஆண்டு 4 கிலோ திருப்பித் தர வேண்டும். 4 கிலோ விளைவிப்பது பெரிய காரியமில்லை. வாங்கிய ரகமாகவே திருப்பித் தருவதில்தான் பாடு இருக்கிறது.

கலப்பு பெரும்பாலும் நம் வயலிலிருந்தே வரும். போன போகத்தில் உதிர்ந்த நெல் முளைத்து நாற்றோடு நாற்றாக நின்றுவிடும். அதனால் நடவுக்கு முன் தண்ணீர் கட்டி, உதிர்ந்ததை முளைக்கவிட்டு, மடக்கி உழுங்கள். பக்கத்து வயலில் வேறு ரகம் இருந்தால் 3 மீட்டர் இடைவெளி விடுங்கள்.

குத்துக்கு ஒரு நாற்றாக, 25 செ.மீ. இடைவெளியில் வரிசையாக நடுங்கள். 2 கிலோ விதை அரை ஏக்கருக்குத் தாராளம். இப்படி நட்டால் ஒவ்வொரு குத்தும் தனியே கண்ணுக்குத் தெரியும். கலப்பு பார்க்க இதைவிட நல்ல வழி கிடையாது. மாப்பிள்ளை சம்பா போன்ற உயர ரகங்களுக்கு யூரியா போடாதீர்கள். தழைச்சத்து கூடினால் பயிர் சாயும். ஈரத்தில் கிடந்த கதிர் விதைக்கு ஆகாது.

கலப்பு எடுக்க வயலில் மூன்று முறை இறங்க வேண்டும். தூர் கட்டும்போது, அதாவது அடியில் பக்கக் கிளைகள் வெடிக்கும்போது, உயரமும் தண்டின் நிறமும், பூக்கும்போது முந்தியோ பிந்தியோ கதிர் விடும் குத்தும், முற்றும்போது உமியின் நிறமும் நெல் நுனியில் நீளும் மீசையும் பாருங்கள். சந்தேகம் வந்தாலே குத்தோடு பிடுங்குங்கள். கதிரை மட்டும் ஒடித்தால் அதே குத்தின் பக்கத் தூர்கள் மறுபடி கதிர் விடும்.

பத்தில் ஒன்பது மணி பழுத்ததும் வரப்போரம் விட்டு நடுவயலில் கையால் அறுத்து, கல்லில் அடியுங்கள். அறுவடை இயந்திரத்துக்குள் முந்தின வயல் நெல் தங்கியிருக்கும். காலையும் மாலையும் மட்டும் காய வையுங்கள். உச்சி வெயிலில் சூடேறிய சிமெண்டுத் தளம் முளையைக் கொன்றுவிடும். கடித்தால் 'கடுக்'கென்று உடைய வேண்டும். நசுங்கினால் ஈரம் இருக்கிறது, மூட்டை கட்டாதீர்கள்.

காய்ந்த நொச்சி இலை, வசம்புப் பொடி கலந்து, சணல் சாக்கில் கட்டி, பலகை மேல் வையுங்கள். விதைப்பதற்குப் பத்து நாள் முன் 100 மணியை ஈரத்துணியில் முடிந்து பாருங்கள். 80-க்குக் குறைவாக முளைத்தால் விதையைக் கூட்டிப் போட வேண்டும். ஓராண்டுக்கு மேல் வைத்தால் முளைப்பு வேகமாக விழும். ஆகவே கொஞ்சமாவது வருஷா வருஷம் விதைத்தே ஆக வேண்டும்.

ரகத்தின் பெயரும் அறுத்த மாதமும் எழுதிய சீட்டை மூட்டைக்கு உள்ளே ஒன்றும் வெளியே ஒன்றுமாக வையுங்கள். வெளிச்சீட்டை எலி தின்றுவிடும்.