மலை ரயிலில் சொகுசாக ஊட்டி: முதல் முறை போகிறவர்களுக்கு

நீலகிரிக்குச் சொகுசு ரயில் இருக்கிறதா என்று கேட்பவர்கள் மனதில் பெரும்பாலும் இரண்டு படம் ஓடும். ஒன்று, கூரை வரை கண்ணாடி வைத்து, உட்கார்ந்த இடத்துக்கே சாப்பாடு கொண்டுவரும் சுவிட்சர்லாந்து ரயில். இன்னொன்று, பெங்களூருவிலிருந்து கிளம்பும் கோல்டன் சாரியட் மாதிரி படுக்கையறையோடு ஓடுகிற வண்டி. இரண்டும் இங்கே கிடையாது. கோல்டன் சாரியட் பிராட் கேஜ், அதாவது அகலப் பாதை வண்டி. மேட்டுப்பாளையத்துக்கு மேலே இருப்பதோ ஒரு மீட்டர் அகலமுள்ள மீட்டர் கேஜ் பாதை. எவ்வளவு காசு கொட்டினாலும் அந்த வண்டி இந்த மலையில் ஏறாது.

நம் மலை ரயிலில் ஏசி இல்லை, சாப்பாட்டுப் பெட்டி இல்லை, கழிப்பறைகூட இல்லை. அப்புறம் சொகுசு எங்கே என்றால், அதை ரயிலைச் சுற்றி நாமே அமைத்துக்கொள்ள வேண்டும். முந்தின இரவு நல்ல தூக்கம், முதல் வகுப்பில் இடம், நடுவழியில் இறங்கி ஒரு ராத்திரி ஆற அமரத் தங்கல். ரயில் கட்டணம் இதில் சின்னச் செலவுதான். முதல் வகுப்பே ஆளுக்கு ஆயிரம் ரூபாய்க்குள் முடிந்துவிடும்.

1. எந்தப் பகுதியில் போகப்போகிறோம் என்று முடிவு செய்யுங்கள்

மேட்டுப்பாளையத்திலிருந்து உதகமண்டலம் வரை பாதையின் நீளம் 46 கிலோமீட்டர். கடல் மட்டத்திலிருந்து 326 மீட்டர் உயரத்தில் கிளம்பி 2,203 மீட்டருக்கு ஏறுகிறது. குன்னூர் வரையிலான பாதை 1899இல் திறந்தது. ஊட்டி வரை நீட்டி முடித்தது 1908இல். 2005இல் யுனெஸ்கோ இதை உலகப் பாரம்பரியச் சின்னங்களில் சேர்த்தது.

ஆனால் இந்த 46 கிலோமீட்டரும் ஒன்றுபோல இருக்காது. மேட்டுப்பாளையம் முதல் கல்லாறு வரை சமவெளி. கல்லாறு முதல் குன்னூர் வரை செங்குத்தான ஏற்றம். நீராவி இன்ஜின், பல் தண்டவாளம், குகைகள், பாலங்கள் எல்லாம் இங்கேதான். குன்னூர் முதல் ஊட்டி வரை டீசல் இன்ஜின் இழுக்கும். தேயிலைத் தோட்டம், காய்கறி வயல், ஊர்கள்.

ஊட்டியில் இறங்கிய பிறகு, டிக்கெட் சுலபமாகக் கிடைக்கிறதே என்று குன்னூர் வரை ஒரு நடை போய் வந்து, மலை ரயிலில் போயாச்சு என்று சொல்கிறவர்கள் நிறையப் பேர். அழகான பாதைதான், குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் உலகமே வந்து பார்க்கிற பகுதி கல்லாற்றுக்கும் குன்னூருக்கும் நடுவில் இருக்கிறது. அதை விட்டுவிட்டு வந்தால் பாதி பார்த்த கணக்குகூட இல்லை.

என் யோசனை இது: முதல் நாள் காலை மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூர். அங்கே இறங்கித் தங்குங்கள். மறுநாள் குன்னூரிலிருந்து ஊட்டிக்கு இன்னொரு ரயில். ஒரே மூச்சில் ஐந்து மணி நேரம் மரப்பெட்டி அளவு இடத்தில் முழங்கால் இடிக்க உட்கார்ந்து போனால், குன்னூருக்கு அடுத்து வரும் வெலிங்டன் தாண்டும்போது ஜன்னலுக்கு வெளியே பார்க்கவே தெம்பு இருக்காது. குழந்தைகள் தூங்கியே போய்விடும்.

2. மாதம்

ஜனவரி முதல் மார்ச் வரை நல்ல காலம். காலையில் குளிரும், வானம் தெளிவாக இருக்கும். ஏப்ரல், மே மாதங்கள் சீசன். மலர்க் கண்காட்சி, பள்ளி விடுமுறை, கூட்டம். அக்டோபர் முதல் டிசம்பர் வரை மட்டும் யோசித்து முடிவெடுங்கள். குன்னூர்ப் பக்கம் மலையின் கிழக்குச் சரிவு. வடகிழக்குப் பருவமழை நேராக அங்கேதான் அடிக்கும். மண் சரிந்து, பாறை உருண்டு, மரம் விழுந்து பாதை அடைபடுவது அந்த மாதங்களில் சகஜம். ரயிலை ரத்து செய்தால் டிக்கெட் பணம் முழுவதும் திரும்பி வந்துவிடும். தங்கும் விடுதிக்குக் கட்டிய பணத்துக்கு அந்த உத்தரவாதம் இல்லை.

3. டிக்கெட்

இங்கேதான் பெரும்பாலானவர்கள் கோட்டை விடுகிறார்கள்.

ரயில்வே முன்பதிவு 60 நாள் முன்னால், காலை 8 மணிக்குத் திறக்கும். திறக்கும் நாளில் ஆதார் சரிபார்த்த கணக்கு வைத்திருப்பவர்களுக்கே ரயில்வேயின் டிக்கெட் இணையதளமான ஐஆர்சிடிசியில் வழி. அதனால் அந்த வேலையை ஒரு வாரம் முன்பே முடித்துவிடுங்கள். காலை 7.55க்கு ஓடிபி வரவில்லை என்று திண்டாடுவதில் பயனில்லை. பயணிகளின் பெயர், வயது விவரங்களையும் 'மாஸ்டர் லிஸ்ட்' பகுதியில் முன்கூட்டியே சேர்த்து வையுங்கள்.

நிலையத்தின் பெயரை ஊட்டி என்று தேடினால் குழப்பம் வரலாம். ரயில்வே கணக்கில் அது உதகமண்டலம், குறியீடு யு.ஏ.எம். (UAM). மேட்டுப்பாளையத்துக்கு எம்.டி.பி. (MTP), குன்னூருக்கு ஓ.என்.ஆர். (ONR). மேலே ஏறும் ரயில் காலை 7.10க்குக் கிளம்பும், ஊட்டியிலிருந்து இறங்கும் ரயில் மதியம் 2 மணிக்கு. பதிவு செய்யும் நாளில் நேரத்தை ஒரு முறை சரிபார்த்துக்கொள்ளுங்கள். கோடையில் சிறப்பு ரயில்களும் விடுவார்கள். வழக்கமான வண்டியில் இடம் இல்லையென்றால் அவற்றையும் பாருங்கள்.

முதல் வகுப்பில் பெஞ்சுக்கு ஆள் குறைவு, மெத்தை கொஞ்சம் கனம். ஆனால் அதற்காக மட்டும் முதல் வகுப்பைச் சொல்லவில்லை. மலையேறும்போது இன்ஜின் பின்னாலிருந்து தள்ளுகிறது. அதாவது ரயிலின் முகப்பில் இன்ஜின் இருக்காது, பெட்டிதான் இருக்கும். முதல் வகுப்பு வழக்கமாக அந்த முகப்புப் பக்கம்தான். முன்வரிசை அமைந்தால் குகை வாய் நம்மை நோக்கி வருவதைப் பார்த்துக்கொண்டே போகலாம். எந்தச் சொகுசு ரயிலிலும் இப்படி ஓர் இடத்தைக் காசு கொடுத்து வாங்கிவிட முடியாது.

காத்திருப்போர் பட்டியலை நம்பாதீர்கள். சின்ன ரயில், இடங்கள் கொஞ்சம், அதனால் பட்டியல் அசைவது அபூர்வம். சார்ட் (பயணிகளின் இறுதிப் பட்டியல்) போட்ட பிறகும் உறுதியாகாத இணைய டிக்கெட் தானாகவே ரத்தாகிவிடும், அதை வைத்து ஏற முடியாது. இடம் கிடைக்கவில்லை என்றால் பயணத் தேதியை மாற்றுங்கள். செவ்வாய், புதன் மாதிரி வார நடுவில் பாருங்கள்.

4. முந்தின இரவு

கோவை விமான நிலையத்திலிருந்தோ ஊருக்குள்ளிருந்தோ விடியற்காலை காரில் கிளம்பி 7.10 ரயிலைப் பிடித்துவிடலாம் என்று கணக்குப் போடாதீர்கள். பிடிக்கலாம்தான். ஆனால் சொகுசுப் பயணம் என்று சொல்லிவிட்டு நாலு மணிக்கு அலாரம் வைப்பது என்ன நியாயம்? மேட்டுப்பாளையத்தில் ஓர் அறை எடுத்துத் தங்குங்கள்.

சென்னையிலிருந்து வருபவர்களுக்கு இன்னும் நல்ல வழி இருக்கிறது. இரவு சென்ட்ரலில் நீலகிரி எக்ஸ்பிரஸ் முதல் வகுப்பு ஏசியில் ஏறிப் படுத்தால், காலையில் மலை ரயில் நிற்கும் அதே மேட்டுப்பாளையம் நிலையத்தில் இறங்கலாம். உண்மையிலேயே படுக்கையோடு ஒரு ரயில் பயணம் வேண்டுமென்றால் அது இதுதான். இறங்கியதும் அங்கேயே முகம் கழுவி, காபி குடித்து, முக்கியமாகக் கழிப்பறைக்குப் போய்விட்டு மலை ரயிலில் ஏறுங்கள். முன்பே சொன்னதுபோல வண்டிக்குள் அந்த வசதி இல்லை; நிற்கும் நிலையங்களில்தான்.

5. மூட்டை முடிச்சு

பெரிய சூட்கேஸ் வேண்டவே வேண்டாம். இருக்கைக்குக் கீழே ஒரு தோள்பைதான் நுழையும். பெரிய பெட்டிகள் இருந்தால் ஒரு டாக்சியில் போட்டு நேராகக் குன்னூர் விடுதிக்கு அனுப்பிவிடுங்கள். பல விடுதிகள் கேட்டால் வண்டி ஏற்பாடு செய்து தரும். நான் சொல்லும் செலவுகளிலேயே மிகவும் பிரயோஜனமானது இது.

பிளாஸ்டிக் தண்ணீர் பாட்டில்களுக்கு நீலகிரி மாவட்டத்தில் தடை. எவர்சில்வர் பாட்டிலில் தண்ணீர் எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு ஸ்வெட்டர் கைக்கெட்டும் இடத்தில் இருக்கட்டும். மேட்டுப்பாளையத்தில் வியர்க்கும், குன்னூரில் தேவைப்படும். வெள்ளைச் சட்டை வேண்டாம், இன்ஜின் புகை படியும்.

6. ஏறியதும் என்ன பார்க்க வேண்டும்

கிளம்பிய கொஞ்ச நேரத்தில் பவானி ஆற்றைத் தாண்டும். பிறகு பாக்குத் தோப்புகள். கல்லாற்றில் வண்டி நிற்கும். இங்கே அரசின் பழப்பண்ணை இருக்கிறது. மங்குஸ்தானும் துரியனும் விளைகிற இடம்.

கல்லாற்றைத் தாண்டியதும் பேச்சை நிறுத்திவிட்டுக் கவனியுங்கள். இரண்டு தண்டவாளங்களுக்கு நடுவே பல் வைத்த இரும்புச் சட்டங்கள் தொடங்கும். ஒன்றுக்குப் பக்கத்தில் ஒன்றாக இரண்டு சட்டம். ஒன்றின் பல் இருக்கும் இடத்தில் மற்றதில் பள்ளம் இருக்கும்படி மாற்றி மாற்றிப் பொருத்தியிருப்பார்கள். இன்ஜினுக்கு அடியில் உள்ள பல்சக்கரத்துக்கு எந்த நேரமும் ஏதாவது ஒரு பல் பிடி கிடைத்துக்கொண்டே இருக்க வேண்டும் என்பதற்காக இந்த ஏற்பாடு. ஆப்ட் என்ற சுவிஸ் பொறியாளர் கண்டுபிடித்த முறை. சக்கரம் முதல் பல்லில் சேரும் இடத்தில் வண்டி நின்றுவிடுமோ என்னும் அளவுக்கு மெதுவாகும். பெட்டியில் ஒரு சின்ன உதறல். அதன்பின் கடகடவென்று ஒரே சீரான சத்தம், காலடியிலேயே கேட்கும். குன்னூர் வரை அது கூடவே வரும்.

ஏற்றம் அதிகமான இடத்தில் சுமார் பன்னிரண்டு அடி முன்னே போனால் ஓர் அடி மேலே ஏறுகிறது. சாதாரணச் சக்கரம் அங்கே வழுக்கிவிடும். அதனால் இந்த இன்ஜினில் நான்கு சிலிண்டர்கள். இரண்டு, வழக்கமான சக்கரங்களை ஓட்டும். அங்கே வேலை செய்துவிட்டு வரும் நீராவியை வீணாக்காமல் மற்ற இரண்டுக்கும் அனுப்பி, பல்சக்கரத்தைச் சுழற்றுகிறார்கள். இந்த இன்ஜின்களுக்கு எக்ஸ் கிளாஸ் என்று பெயர். முதலில் சுவிட்சர்லாந்தின் வின்டர்தூரில் செய்து வந்தவை; பிறகு நம் திருச்சி பொன்மலைப் பணிமனையிலேயே புதிதாகவும் கட்டியிருக்கிறார்கள். சுவிஸ் ரயிலில் போக ஆசைப்பட்டவர்கள் இதை வைத்து மனதைத் தேற்றிக்கொள்ளலாம்.

ஒவ்வொரு பெட்டியின் முன்புறமும் ஒரு பிரேக்ஸ்மேன் நிற்பார். விசில் கேட்டதும் அவரவர் கையால் பிரேக்கை இறுக்குவார், தளர்த்துவார். அவர் வேலையில் இருக்கும்போது கையைப் பிடித்து இழுத்து செல்ஃபி கேட்காதீர்கள்.

வேகம் மணிக்கு 13 கிலோமீட்டர் அளவுதான். வழியில் ஹில்குரோவ் போன்ற இடங்களில் இன்ஜினுக்குத் தண்ணீர் பிடிக்க நிறுத்துவார்கள். இறங்கிக் காலை நீட்டலாம், டீ குடிக்கலாம். வடையைக் கையில் வைத்துக்கொண்டு வேடிக்கை பார்த்தால் குரங்கு பிடுங்கிக்கொண்டு போய்விடும். சாப்பிட்டுவிட்டு வேடிக்கை பாருங்கள். இரண்டு முறை விசில் கேட்கும்வரை காத்திருக்காமல் சீக்கிரம் ஏறிவிடுவது நல்லது. யானைகள் பாதையில் நின்றால் வண்டியும் நிற்கும். யானை கிளம்பிய பிறகுதான் நாம்.

எந்தப் பக்கம் உட்காருவது? குன்னூர் வரை இடது பக்கம் பள்ளத்தாக்கு அதிகம் தெரியும், அதன்பின் வலது பக்கம். இருக்கை எண்ணை நாம் தேர்ந்தெடுக்க முடியாததால், தவறான பக்கம் கிடைத்தாலும் வருத்தப்படாதீர்கள். மொத்தப் பாதையில் 208 வளைவுகள். காட்சி எல்லாப் பக்கமும் வந்து போகும்.

7. குன்னூரில் இறங்குங்கள்

பத்தரை மணி வாக்கில் குன்னூர் வந்துவிடும். ஊட்டி போகிறவர்கள் வண்டியிலேயே இருக்க, நீராவி இன்ஜினைக் கழற்றி டீசல் இன்ஜினை மாட்டுவார்கள். அதை நின்று பாருங்கள், இன்ஜினைப் பக்கத்தில் பார்க்க இதைவிட நல்ல இடம் இல்லை.

நான் செலவு செய்யச் சொல்வது இங்கேதான். துரைமார் காலத்துத் தோட்ட பங்களாக்கள் சில இன்று தங்கும் விடுதிகள். கணப்பு உள்ள அறையா, தோட்டத்தைப் பார்த்த திண்ணை இருக்கிறதா, சாப்பாடு அங்கேயே சமைப்பார்களா என்று கேட்டுப் பதிவு செய்யுங்கள். மாலையில் சிம்ஸ் பூங்காவில் ஒரு நடை, பேக்கரியில் சூடான வர்க்கி, தோட்டத்திலிருந்து நேராக வாங்கிய தேயிலை. ஒரு நாளுக்கு இது போதும்.

மறுநாள் ஊட்டி ரயிலில் ஒரு மணி நேரத்துக்குச் சற்று மேல். வெலிங்டனில் ராணுவப் பகுதி, அருவங்காட்டில் வெடிமருந்துத் தொழிற்சாலை, கேத்தியில் அடுக்கடுக்காய்க் காய்கறி வயல், பிறகு லவ்டேல். கேத்திப் பள்ளத்தாக்குக்கு மட்டும் கேமராவைத் தயாராக வையுங்கள்.

8. முழு ரயிலையே வாடகைக்கு எடுக்கலாமா?

எடுக்கலாம். 2018இல் இங்கிலாந்திலிருந்து வந்த ஒரு புதுமணத் தம்பதி லட்சக்கணக்கில் கட்டி, தங்கள் இருவருக்காக மட்டும் மலை ரயிலை ஓட்ட வைத்த செய்தி படித்திருப்பீர்கள். ஐஆர்சிடிசியின் முழுக் கட்டணத் திட்டத்தில், பயணத்துக்கு ஆறு மாதம் முன்பிருந்து 30 நாள் முன்பு வரை விண்ணப்பிக்கலாம். முன்பணம் கட்ட வேண்டும். இந்தப் பாதை சேலம் கோட்டத்தின் கீழ் வருகிறது, அனுமதி அங்கிருந்துதான். அறுபதாம் கல்யாணம், பெரிய குடும்பச் சந்திப்பு என்றால் பங்கு போட்டுச் செய்யலாம். இரண்டு பேருக்கு இது அதிகப்படி என்பது என் கருத்து.

9. இறங்குவது

திரும்பவும் ரயிலிலேயே இறங்க வேண்டுமா என்றால், வேண்டாம் என்பேன். அதே பாதை, மதிய வெயில், அரைத் தூக்கம். காரில் கோத்தகிரி வழியாக இறங்குங்கள். வேறு மலைச்சரிவு, வேறு காட்சி. சீசனில் ஏறும் வண்டிகளைக் குன்னூர் வழியாகவும் இறங்கும் வண்டிகளைக் கோத்தகிரி வழியாகவும் ஒருவழிப் போக்குவரத்தாக விடுவார்கள் என்பதால் மே மாதத்தில் உங்களுக்கு வேறு வழியும் இல்லை.

சமவெளியிலிருந்து உங்கள் காரை மேலே வரவழைப்பதாக இருந்தால் இ-பாஸ் (இணையத்தில் எடுக்கும் வாகன அனுமதி) எடுத்திருக்க வேண்டும். உயர் நீதிமன்ற உத்தரவுப்படி 2024 மே முதல் நடைமுறையில் இருக்கிறது. ரயிலிலும் பேருந்திலும் வருகிறவர்களுக்கு இந்த வேலை இல்லை. கோத்தகிரிப் பாதையில் வளைவுகள் நெருக்கமானவை. வயிறு புரட்டுகிறவர்கள் ஊட்டியில் மதியச் சாப்பாட்டைக் குறைத்துக்கொண்டு, முன் இருக்கையை முதலிலேயே கேட்டு வாங்கிவிடுங்கள்.