'சிக்னிஃபிகன்ட்' என்று எழுதும் முன்

ஆய்வேட்டின் முதல் வரைவில் இந்தச் சொல்லை 31 இடங்களில் போட்டிருந்தேன். நெறியாளர் எல்லாவற்றையும் சிவப்பு மையால் சுழித்து, "எந்த அர்த்தத்தில்?" என்று மட்டும் எழுதித் திருப்பித் தந்தார்.

சாதாரண ஆங்கிலத்தில் அதற்கு 'முக்கியமான', 'கணிசமான' என்று பொருள். புள்ளியியலில் வேறு. ஒப்பிடும் இரண்டு குழுக்களுக்கு இடையே உண்மையில் வித்தியாசமே இல்லை என்று வைத்துக்கொண்டால், இவ்வளவு வித்தியாசம் (அல்லது இதைவிடப் பெரிது) தற்செயலாக வர வாய்ப்பு குறைவு, அவ்வளவுதான். அந்த வாய்ப்பு 0.05-க்குக் கீழே இருக்க வேண்டும் என்ற வழக்கம் புள்ளியியலாளர் ரொனால்ட் ஃபிஷரின் 1925 நூலால் பரவியது. வித்தியாசம் பெரிதா என்பதை அது சொல்லவே சொல்லாது. ஒரு மருந்தைச் சோதிக்க 10,000 பேரின் ரத்த அழுத்தத்தை அளந்தால், சராசரி ஒரே ஒரு புள்ளி குறைந்தாலும் 'சிக்னிஃபிகன்ட்' ஆகிவிடலாம். நோயாளிக்கு அதனால் என்ன லாபம்?

அதனால் புள்ளியியல் சோதனை நடத்தியிருந்தால் மட்டும் இதை எழுதுங்கள். கூடவே பி மதிப்பையும் (மேலே சொன்ன அந்த வாய்ப்புதான்) வித்தியாசத்தின் அளவையும் கொடுங்கள். சோதனை இல்லையா? 'லார்ஜ்', 'இம்பார்ட்டன்ட்' போதும். அப்புறம், பி மதிப்பு 0.06 வந்தால் 0.06 என்றே எழுதுங்கள். 'ஆல்மோஸ்ட் சிக்னிஃபிகன்ட்' என்று மழுப்ப வேண்டாம். 'இன்சிக்னிஃபிகன்ட்' என்றால் அற்பமானது என்று ஆகிவிடும், 'நாட் சிக்னிஃபிகன்ட்' என்பதே சரி.

என் 31-இல் கடைசியில் தங்கியவை நான்கு.