அங்கியைக் கழற்ற நினைக்கும் சாமிக்கு

பதினோரு வருஷம் கத்தோலிக்க மறைமாவட்டக் குருவாக இருந்துவிட்டு அந்தப் பணியிலிருந்து வெளியே வந்தவன் நான். இப்போது மதுரை செல்லூரில் குடியிருக்கிறேன். போகலாமா வேண்டாமா என்பது உங்கள் மனசாட்சி. போவதென்று முடிவாகிவிட்டால், ராத்திரியோடு ராத்திரியாகப் பெட்டியைத் தூக்காதீர்கள். பகலில், நாலு பேர் பார்க்க வெளியேறுங்கள்.

அம்மாவிடம் முதலில் சொல்லுங்கள், ஆயரிடம் (பிஷப்பிடம்) பிறகு. எங்கள் ஊரில் என் அம்மாவுக்கு ‘சாமியாரம்மா’ என்றுதான் பெயர். போனில் சொல்ல மனம் வரவில்லை. மாட்டுத்தாவணியில் பஸ் ஏறிப் போய், அடுப்படியில் பக்கத்தில் உட்கார்ந்து சொன்னேன். புளி கரைத்துக்கொண்டிருந்த கை அப்படியே நின்றது. “சாப்ட்டுட்டுப் போய்யா” என்றார், அவ்வளவுதான். மூன்று மாதம் பொறுத்துத்தான் ஆயருக்குக் கடிதம் எழுதினேன்.

கணக்கு நோட்டு, ஞானஸ்நானப் பதிவேடு, சாவிக்கொத்து எல்லாவற்றுக்கும் பட்டியல் போட்டு, பொறுப்பேற்பவரிடம் கையெழுத்து வாங்கி ஒரு பிரதி வைத்துக்கொள்ளுங்கள். உண்டியல் பணத்தைப் பற்றி என் முதுகுக்குப் பின்னால் பேச்சு எழுந்தபோது அந்தத் தாள்தான் என்னைக் காப்பாற்றியது.

ஆதாரில் சாமியார் பங்களா முகவரி இருக்கும். வாடகை வீடு அமைந்ததும் மாற்றுங்கள். வீட்டுக்காரர் “ஃபேமிலியா?” என்று கேட்பார். உண்மையைச் சொல்லுங்கள். எனக்கு நாலாவது வீட்டில்தான் சாவி கிடைத்தது. குருமடத்தில் படித்த இறையியலைக் காட்டி வேலை கேட்க முடியாது. பங்குக் கோவிலில் இருந்தபோதே முடித்த பி.எட். தான் இன்று சோறு போடுகிறது.

கடிதம் கொடுத்ததோடு எல்லாம் முடிந்துவிடாது. கல்யாணம் செய்யாமல் வாழும் மணத்துறவுக் கடமையிலிருந்து விலக்கு தரும் அதிகாரம் போப்பாண்டவருக்கு மட்டுமே உண்டு. ஆயர் வழியாக மனு ரோமுக்குப் போகும். உங்கள் வாழ்க்கை வரலாற்றை ஒளிக்காமல் எழுத வேண்டும். விலக்கு வருமுன் ரிஜிஸ்டர் கல்யாணம் செய்தால் அந்த நிமிஷமே திருச்சபைத் தடை விழும். காத்திருங்கள், கூட வாழப்போகிறவரிடமும் இதை விளக்கிச் சொல்லுங்கள்.

முதல் ஞாயிறு பூசைக்குப் பழைய பங்குக்குப் போகாதீர்கள். நான் கீழவாசல் மரியன்னை பேராலயத்தில் கடைசி பெஞ்சில் உட்கார்ந்தேன். குரு அப்பத்தை உயர்த்திக் காட்டும் எழுந்தேற்றத்தின்போது என் கை தானாகவே உயர்ந்தது. இறக்கிக்கொண்டேன்.

குருப்பட்டம் அழியாது என்கிறது திருச்சபைச் சட்டம் 290. 976-வது சட்டப்படி, சாகக்கிடப்பவர் கேட்டால் விலகிய குருவும் பாவசங்கீர்த்தனம் கேட்டு மன்னிப்பு வழங்கலாம். போன மழைக்காலத்தில் பக்கத்துத் தெருப் பாட்டி ஒருவர் மூச்சிரைத்துக் கிடந்தார். பேரன் ஓடிவந்து “சாமி” என்று கூப்பிட்டான். லுங்கியோடேயே போனேன்.