கால் ஒடிந்ததற்கு எவ்வளவு கிடைக்கும்? விபத்து வழக்கில் சறுக்கும் இடங்கள்

விபத்து வழக்கென்று வருகிறவர்கள் உட்கார்ந்ததும் கேட்பது இதைத்தான்: "சார், கால் ஒடிஞ்சதுக்கு எவ்வளவு கிடைக்கும்?" காலுக்கு இவ்வளவு, கைக்கு இவ்வளவு என்று தீர்ப்பாயத்தில் விலைப்பட்டியல் எதுவும் தொங்கவில்லை. அந்தக் காயத்தால் உங்கள் பிழைப்பு எவ்வளவு கெட்டது என்பதைத்தான் நீதிபதி பார்ப்பார்.

2010-ல் ராஜ்குமார் எதிர் அஜய்குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை ஓர் உதாரணத்தோடு விளக்கியது. இடது கை போனவர் டிரைவரோ தச்சரோ என்றால் வருமான இழப்பு ஏறக்குறைய 100 சதவீதம். அதே கையை இழந்த அரசு அலுவலக எழுத்தருக்கு வேலை போகாமலே இருக்கலாம். அவருக்கு வலி, வேதனை, வசதி இழப்பு என்ற தலைப்புகளில் பணம் வரும். எதிர்கால வருமான இழப்பு என்று வராமலே போகலாம்.

இது தெரியாமல், ஊனச் சான்றிதழில் உள்ள சதவீதமே போதும் என்று இருந்துவிடுவதுதான் பெரிய தவறு. ஒரு கொத்தனாரை எடுத்துக்கொள்வோம். வயது 34, மாதம் 15,000 ரூபாய். வலது காலில் பிளேட் வைத்திருக்கிறது, சான்றிதழில் அந்தக் காலுக்கு 45 சதவீத ஊனம். காலுக்குப் போட்ட சதவீதம் உடம்பு முழுவதற்கும் ஆகாது என்பார் இன்சூரன்ஸ் வக்கீல். அது நியாயம்தான், மேலே சொன்ன தீர்ப்பும் அதையே சொல்கிறது. ஆனால் அவர் மூன்றில் ஒரு பங்காக்கி, 15 சதவீதத்தோடு முடிக்கப் பார்ப்பார்.

இப்போது கணக்கைப் போடுங்கள். 40 வயதுக்குள் இருக்கும் சுயதொழிலாளிக்கு எதிர்கால வருமான உயர்வாக 40 சதவீதம் சேர்க்கலாம் என்றது உச்ச நீதிமன்றத்தின் 2017 பிரணய் சேத்தி தீர்ப்பு. அது மரண வழக்கு. காயத்துக்கும் உண்டு என்பது 2020-ல் பப்பு தேவ் யாதவ் வழக்கில் உறுதியானது. ஆக மாதம் 21,000, வருடத்துக்கு 2,52,000. 31 முதல் 35 வயது வரை பெருக்க வேண்டிய எண் 16, இது 2009-ன் சரளா வர்மா தீர்ப்பில் உள்ள அட்டவணை. மொத்தம் 40,32,000. இதில் 15 சதவீதம் என்றால் 6,04,800 ரூபாய். சாரத்தில் ஏற முடியாது, குந்தி உட்கார்ந்து தரை பூச முடியாது என்று சாட்சியத்தில் வந்து நீதிபதி 60 சதவீதம் என எடுத்தால் 24,19,200. காயம் அதேதான். அந்த இரண்டு வரியைச் சொல்ல மருத்துவரும் மேஸ்திரியும் கூண்டேற வேண்டும். வெறும் சான்றிதழ் பேசாது. (மரண வழக்கில் சொந்தச் செலவுக்கென்று ஒரு பங்கைக் கழிப்பார்கள். காய வழக்கில் அந்தக் கழிவு கிடையாது. யாராவது கழித்தால் விடாதீர்கள்.)

அடுத்தது ஏ.ஆர். காப்பி, அதாவது மருத்துவமனை விபத்துப் பதிவேட்டின் நகல். நள்ளிரவில் அவசரப் பிரிவில் டூட்டி டாக்டர் கேட்கும்போது, பதற்றத்தில் மச்சானோ தம்பியோ "பைக்லேருந்து விழுந்துட்டாரு" என்று மட்டும் சொல்லிவிடுவார். பதிவேட்டில் அப்படியே ஏறும். பின்னால் வந்து மோதிய லாரி அதில் இருக்காது. இரண்டு வருடம் கழித்துக் குறுக்கு விசாரணையில் முதல் கேள்வியே அந்த வரிதான். எந்த வண்டி, எப்படி மோதியது என்று அங்கேயே சொல்லிவிடுங்கள்.

கூலி வேலைக்குச் சம்பளச் சீட்டு ஏது என்று கைவிரிக்கவும் வேண்டாம். கட்டுமானத் தொழிலாளர் நல வாரிய அட்டை, மேஸ்திரி போட்ட ஜிபே வரவுகள், வங்கிப் பாஸ்புக் எல்லாமே ஆதாரம்தான். மாறாக, விபத்துக்குப் பிறகு அவசரமாகத் தாக்கல் செய்த வருமான வரிக் கணக்கைக் கொண்டுவந்தால் உள்ளதும் கெடும்.

2022 ஏப்ரலில் நடைமுறைக்கு வந்த மோட்டார் வாகனச் சட்டத் திருத்தப்படி இழப்பீட்டு மனுவை விபத்து நடந்த 6 மாதத்துக்குள் போட வேண்டும். அதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் வரை போயிருக்கிறார்கள், ஆனால் அதை நம்பிக் காத்திருப்பது வீண் ஆபத்து.

சிகிச்சை முடியும் முன்பே லோக் அதாலத்தில் (மக்கள் நீதிமன்றத்தில்) சமரசக் கையெழுத்துப் போடுகிறவர்களும் உண்டு. கடன்காரன் வாசலில் நிற்கும்போது கையில் வரும் இரண்டு லட்சம் பெரிதாகத்தான் தெரியும். ஆனால் அங்கே முடிந்த சமரசத்துக்கு மேல்முறையீடு கிடையாது. பிளேட்டை எடுக்கும் ஆபரேஷனுக்கு மருத்துவரிடம் மதிப்பீடு எழுதி வாங்கிச் சேர்க்காமல் முடித்துக்கொண்டால், அடுத்த வருடம் அந்தச் செலவு அந்த இரண்டு லட்சத்திலிருந்துதான் போகும்.