ஜார்ஜ் டெலரூவைக் கேட்கத் தொடங்குவது எப்படி?

பிரெஞ்சுப் படங்கள் பார்க்க ஆரம்பித்தவுடன் கோதார், த்ரூஃபோ என்ற இயக்குநர்களின் பெயர்கள் மனதில் பதிந்துவிடும். அந்த இருவருக்கும் இசையமைத்த ஜார்ஜ் டெலரூவின் பெயர் பலருக்குத் தெரியாமலே போகிறது. அது எனக்கு மனக்குறைதான். இசை இலக்கணம் தெரியாதவர்களும் அவரைக் கேட்டுப் பழகலாம். நல்ல ஹெட்போன் ஒன்று, பேனா, தாள் போதும்.

படி 1: ஆளைத் தெரிந்துகொள்ளுங்கள்

1925-இல் வடபிரான்ஸின் நெசவாலை நகரமான ரூபேயில் பிறந்தார். பதின்வயதிலேயே உலோகத் தொழிற்சாலைக்கு வேலைக்குப் போனவர். கிளாரினெட் வாசித்துக்கொண்டிருந்தவர், பிறகு பாரிஸ் இசைக்கல்லூரியில் இசையமைப்பாளர் தாரியுஸ் மியோவிடம் படித்தார். நாடகங்களுக்கு இசை எழுதிக் கை பழகியது. வசனத்துக்கு வழிவிடும் பக்குவம் அவருக்கு அங்கிருந்து வந்தது என்றே நினைக்கிறேன்.

படி 2: 'கன்டெம்ப்ட்' (1963)

கோதாரின் இந்தப் படத்திலிருந்து தொடங்குங்கள். முதல் காட்சியில் டைட்டில் எழுத்தில் வராது, ஒரு குரல் சொல்லிக்கொண்டே போகும். ஒரு பெண் படித்தபடி நடந்து வருகிறாள். பக்கத்தில் தண்டவாளத்தின் மேல் கேமரா நகர்ந்து வந்து, கடைசியில் லென்ஸை நம் பக்கமே திருப்புகிறது. நடப்பது இவ்வளவுதான். ஆனால் கீழே தந்திக் கருவிகள் மெல்ல ஏறி இறங்க, பெரிய துயரம் ஒன்று வரப்போகிறது என்று நமக்குத் தெரிந்துவிடுகிறது.

பிறகு அதே சாயலில் நாயகி கமீலின் மெட்டு படம் முழுக்கத் திரும்பத் திரும்ப வரும். ஒவ்வொரு முறையும் அதற்குச் சற்று முன் என்ன பேசினார்கள் என்று குறித்துக்கொள்ளுங்கள். குறிப்பாக, கணவனும் மனைவியும் வீட்டுக்குள் சுற்றிச் சுற்றி வாக்குவாதம் செய்யும் அந்த நீண்ட பகுதியில். பேச்சு அற்ப விஷயங்களில் ஓடும். இசையோ, காதல் முடிந்துவிட்டது என்பதை அவர்கள் ஒப்புக்கொள்வதற்கு முன்பே நம்மிடம் சொல்லிவிடும். டெலரூவின் பலம் இதுதான்: பாத்திரங்கள் வாய்விட்டுச் சொல்லாததை அவர் எழுதினார்.

ஒரு எச்சரிக்கை. இத்தாலியில் வெளியான பதிப்பில் இசை பியேரோ பிச்சோனியுடையது. பிரெஞ்சுப் பதிப்பைத்தான் பார்க்கிறீர்களா என்று சரிபாருங்கள்.

படி 3: 'ஜூல் எ ஜிம்' (1962)

த்ரூஃபோவின் இந்தப் படத்தில் நடிகை ழான் மோரோ பாடும் புகழ்பெற்ற பாட்டு டெலரூவுடையது அல்ல, செர்ஜ் ரெஸ்வானி எழுதியது. பாட்டை ரசித்துவிட்டு, அதைச் சுற்றியுள்ள பின்னணி இசைக்குக் காது கொடுங்கள்.

படி 4: 'டே ஃபார் நைட்' (1973)

டைட்டிலில் இசைக்குழுவின் ஒத்திகை கேட்கும். வாசிப்பவர்களுக்குக் குறிப்புச் சொல்லும் குரல் டெலரூவுடையது. நடுவில், இயக்குநராக நடிக்கும் த்ரூஃபோவுக்கு இசையமைப்பாளர் போனிலேயே மெட்டைப் போட்டுக் காட்டுகிறார். கேட்டபடியே த்ரூஃபோ சினிமாப் புத்தகங்கள் வந்த பார்சலைப் பிரிக்கிறார். இரண்டு பேருடைய நட்பும் அந்த ஒரு காட்சியில் இருக்கிறது. அப்புறம், படப்பிடிப்பு வேகமெடுக்கும் இடங்களில் எக்காளத்தோடு ஒலிக்கும் இசையைத் தனியாக ஒருமுறை கேளுங்கள். வேலை செய்வதில் உள்ள சந்தோஷத்தை இதைவிட நன்றாகச் சொன்ன சினிமா இசை எனக்குத் தெரியாது.

படி 5: அமெரிக்கக் காலம்

'எ லிட்டில் ரொமான்ஸ்' (1979) படத்தின் இசைக்காக அவருக்கு ஆஸ்கர் கிடைத்தது. பின்னர் லாஸ் ஏஞ்சல்ஸுக்கே குடிபெயர்ந்தார். ஆனால் ஹாலிவுட் அவரிடம் எப்போதும் நியாயமாக நடக்கவில்லை. 'சம்திங் விக்கெட் திஸ் வே கம்ஸ்' (1983) படத்துக்கு அவர் எழுதிய இசையை எடுத்துவிட்டு ஜேம்ஸ் ஹார்னரை வைத்து மறுபடி போட்டார்கள். 'பிளாட்டூன்' (1986) படத்தில் நம் நினைவில் நிற்பது சாமுவேல் பார்பர் எழுதிய மெதுவான தந்தி இசையான 'அடாஜியோ'தான். அதே இடத்துக்கு டெலரூவும் ஒன்று எழுதியிருந்தார். இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டு, எது பொருத்தம் என்று நீங்களே முடிவு செய்யுங்கள்.

1992-இல், தன் கடைசிப் படத்தின் இசைப்பதிவை முடித்த கையோடு இறந்தார். இதற்குப் பிறகும் கேட்க ஆசை இருந்தால், 'தி வுமன் நெக்ஸ்ட் டோர்' (1981) படத்துக்குப் போங்கள். அதிலும் பேனாவும் தாளும் பக்கத்தில் இருக்கட்டும்.