ஒளிப்பதிவும் தொகுப்பும் ஒருவரே: கைப்பேசிப் படத்தில் ஒலி நழுவாமல் இருக்க

நரசிங்கம்பேட்டையில் நாதஸ்வரம் செய்யும் பெரியவர் ஒருவரைப் பற்றி எட்டு நிமிட ஆவணப்படம் எடுத்தேன். ஒளிப்பதிவும் நான்தான், படத்தொகுப்பும் நான்தான். படம் கைப்பேசியில், ஒலி தனி ரெக்கார்டரில். கடைசலுக்கு முன் அவர் ஆச்சா மரத்தை வாய்ச்சியால் (மரம் செதுக்கும் கருவி) கொத்துவதை ஒரே ஷாட்டில் பன்னிரண்டு நிமிடம் பதிவு செய்திருந்தேன். தொகுக்க உட்கார்ந்தபோது தொடக்கத்தில் எல்லாம் பொருந்தியது. கடைசி நிமிடத்திலோ வாய்ச்சி மரத்தில் இறங்கிக் கால் நொடி கழித்து ‘டொக்’ என்றது. இரண்டு நாள் தூக்கம் போயிற்று. இதே வழியில் தொடங்குபவர்களுக்கு அந்த இரண்டு நாளும் மிச்சமாகட்டும்.

முதலில் கேமரா அமைப்பு. நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். ஆகவே நொடிக்கு 25 ஃபிரேம் (படச்சட்டம்), ஷட்டர் 1/50 நொடி. இப்படி வைத்தால் டியூப் லைட் வெளிச்சத்தில் படம் துடிக்காது. கைப்பேசியோடு வரும் கேமரா செயலியை நான் இப்போது தொடுவதே இல்லை. பிளாக்மேஜிக் கேமரா செயலி இலவசம்; ஷட்டர், ஐஎஸ்ஓ (ஒளியுணர்திறன்), ஒயிட் பேலன்ஸ் (வண்ணச் சமநிலை) மூன்றையும் பூட்டிவைக்க விடுகிறது. ரெக்கார்டரில் ஒலியின் சாம்பிள் ரேட் 48 கிலோஹெர்ட்ஸ்.

ஒவ்வொரு ஷாட்டின் தொடக்கத்திலும் முடிவிலும் கேமராவுக்கு முன் ஒருமுறை கை தட்டுங்கள்; கைகள் சேரும் ஃபிரேமும் தட்டும் ஒலியும் பொருந்துகின்றனவா என்று பிறகு பார்க்கலாம். முடிவில் தட்டுவதைப் பலர் விட்டுவிடுகிறார்கள். நானும் அன்று தட்டவில்லை. தட்டியிருந்தால் ஒலி நழுவியதை ஒரே நிமிடத்தில் கண்டுபிடித்திருப்பேன்.

இனி, என்னை மாட்டிவைத்த இடம். பட்டறையில் வெளிச்சம் குறைவு. வெளிச்சம் குறைந்தால் பல கைப்பேசிகள் தாமாகவே ஃபிரேம் வேகத்தைக் குறைத்துக்கொள்கின்றன. 30 என்று வைத்திருந்தாலும் ஒரு நொடியில் 30 இருக்கும், அடுத்த நொடியில் 28 இருக்கும். தொகுப்பு மென்பொருள் எல்லா நொடியும் ஒரே அளவு என்று எண்ணி அடுக்கும்போது பிசகு சிறிது சிறிதாகச் சேர்கிறது. ஒலியை நகர்த்திப் பொருத்துவது இதற்குத் தீர்வு ஆகாது. ஓரிடத்தில் சரிசெய்தால் இன்னோரிடத்தில் விலகும்.

மீடியாஇன்ஃபோ என்ற இலவச மென்பொருளில் கோப்பைத் திறந்து ‘ஃபிரேம் ரேட் மோட்’ என்ற வரியைப் பாருங்கள். ‘வேரியபிள்’ (மாறும் வேகம்) என்றிருந்தால் அதைத் தொகுப்புக்குள் கொண்டுபோகாதீர்கள். வீடியோ கோப்புகளை மாற்றித்தரும் ஹேண்ட்பிரேக் மென்பொருளில் திறந்து, வீடியோ பகுதியில் எடுத்த அதே வேகத்தைத் தேர்ந்து, ‘கான்ஸ்டன்ட் ஃபிரேம்ரேட்’ (மாறாத வேகம்) என்பதை அழுத்தி, தர அளவை 18இல் வைத்து மாற்றுங்கள். 30இல் எடுத்ததை 25 ஆக்க வேண்டாம். அசைவு விட்டுவிட்டுத் தெரியும். மூலக் கோப்பையும் அழித்துவிடாதீர்கள்.

பிறகு டாவின்சி ரிசால்வ் என்ற தொகுப்பு மென்பொருளில் படத்தையும் ஒலியையும் சேர்த்துத் தேர்ந்து, அலைவடிவத்தை வைத்து ஒத்திசைக்கச் சொன்னால் போதும். நான் ரிசால்வைத்தான் பரிந்துரைப்பேன். வண்ணத் திருத்தமும் அதிலேயே முடிகிறது. இலவசப் பதிப்பே இந்த வேலைக்குத் தாராளம்.

அமெரிக்க இயக்குநர் ஸ்டீவன் சோடர்பெர்க் தன் படங்கள் பலவற்றில் இரண்டு வேலையையும் தானே செய்து, ஒளிப்பதிவுக்கு பீட்டர் ஆண்ட்ரூஸ் என்றும் தொகுப்புக்கு மேரி ஆன் பெர்னார்ட் என்றும் புனைபெயர் போட்டுக்கொள்கிறார். இரண்டும் இரண்டு ஆளின் வேலை என்பதை நான் அந்தப் பட்டறையில்தான் உணர்ந்தேன். பெரியவரின் முகத்திலேயே லயித்துவிட்டேன். வெட்டி ஒட்ட வேண்டிய இடத்தில் அவர் கை, சிதறும் மரச்செதில், சுவரில் சாய்த்திருந்த பழைய உத்தரக்கட்டை என்று எதுவுமே என்னிடம் இல்லை. இப்போது பெரிய ஷாட் ஒன்று முடிந்ததும் இப்படிப்பட்ட சிறு ஷாட்டுகள் குறைந்தது ஐந்து எடுக்காமல் இடத்தை விட்டு நகர்வதில்லை. ஒவ்வொன்றும் பத்து நொடி.

பிற்சேர்க்கை: கோப்பை மாற்றிய பிறகும் ரிசால்வில் டைம்லைன் (ஷாட்டுகளை அடுக்கும் வரிசை) ஃபிரேம் வேகம் 24இலேயே நிற்கிறது, மாற்ற முடியவில்லை என்று வாசகர்கள் இருவர் எழுதியிருந்தார்கள். திட்டத்துக்குள் படம் வந்துவிட்டால் அந்த எண் பூட்டிக்கொள்ளும். புதிய திட்டம் தொடங்கி, எதையும் உள்ளே இழுப்பதற்கு முன் அமைப்புகளில் டைம்லைன் ஃபிரேம் ரேட்டைப் படம் எடுத்த வேகத்துக்கு மாற்றிவிடுங்கள்.